பக்-டிக்: ஆள் மாறவில்லை, இசை மாறியது

‘டிரினிட்டி பிளட்’ என்ற அனிமேயின் (ஜப்பானிய அனிமேஷன் தொடர்) தொடக்கப் பாடலான ‘டிரெஸ்’ஸையும் ‘ஷிகி’ அனிமேயின் தொடக்கப் பாடலான ‘குச்சிசுகே’யையும் அடுத்தடுத்துக் கேட்டுவிட்டு, இவை இரண்டும் ஒரே குழுவின் பாடல்கள்தானா, பக்-டிக் என்ற இந்த ஜப்பானிய ராக் குழுவின் இசை இத்தனை ஆண்டுகளில் எப்படி மாறிவந்தது, புதிதாகக் கேட்கத் தொடங்குபவர் எந்த ஆல்பத்தை முதலில் எடுக்க வேண்டும் என்று கேட்டிருக்கிறீர்கள். இந்தக் குழுவை நீண்ட காலமாக விடாமல் கேட்டுவருபவன் என்ற முறையில் சற்று விரிவாகவே பதில் எழுதுகிறேன்.

இரண்டும் ஒரே குழுவின் பாடல்கள்தான். பாடியவரும் ஒருவரே, வாசித்தவர்களும் அதே நால்வரே. உங்கள் குழப்பத்துக்குக் காரணம் ஆண்டுக் கணக்கு. ‘டிரெஸ்’ 1993-இல் வெளிவந்த பாடல். அதை 12 ஆண்டுகள் கழித்து, 2005-இல்தான் அந்த அனிமே எடுத்துக்கொண்டது. ‘குச்சிசுகே’ 2010-இல் வந்தது. அனிமே வழியாகப் பார்த்தால் ஐந்தாண்டு இடைவெளி போலத் தோன்றும் அந்த இரண்டு பாடல்களுக்கும் நடுவே உண்மையில் 17 ஆண்டுகளும் ஒன்பது ஆல்பங்களும் இருக்கின்றன.

பொதுவாக நெடுங்காலம் நீடிக்கும் ராக் குழுக்களில் உறுப்பினர்கள் மாறிக்கொண்டே இருப்பார்கள். இசை மட்டும் ரசிகர்கள் எதிர்பார்க்கும் பழைய இடத்திலேயே நிற்கும். பக்-டிக் கதை இதற்கு நேர்மாறானது. பாடகர் சகுராய் அட்சுஷி, கிதார் கலைஞர்கள் இமாய் ஹிசாஷி, ஹோஷினோ ஹிதேஹிகோ, பேஸ் வாசிக்கும் ஹிகுச்சி யுதாகா, டிரம்ஸ் வாசிக்கும் யாகாமி டோல் ஆகிய ஐவரும் 1985-இல் ஒன்றுசேர்ந்தவர்கள். 2023-இல் சகுராய் மறையும்வரை, 38 ஆண்டுகள், ஒருவர்கூட விலகவில்லை, ஒருவர்கூடப் புதிதாகச் சேரவில்லை. ஆனால் இசையோ வேகமும் முரட்டுத்தனமும் கொண்ட பங்க்கிலிருந்து இருள் தோய்ந்த கோதிக்குக்கும், அங்கிருந்து இயந்திர இரைச்சலை இசையாக்கும் இண்டஸ்ட்ரியலுக்கும், பிறகு வெறும் கிதார் ராக்குக்கும், கடைசியாக மின்னணு இசைக்கும் போய்க்கொண்டே இருந்தது. ஆள் மாறாததால்தான் இசை இவ்வளவு துணிச்சலாக மாற முடிந்தது என்பது என் உறுதியான எண்ணம். மெட்டுகளில் பெரும்பகுதி இமாயிடமிருந்து வரும். ஒவ்வோர் ஆல்பத்திலும் சில மெட்டுகளை மட்டும் ஹோஷினோ தருவார். வரிகளைப் பெரும்பாலும் சகுராய் எழுதுவார். ஹிகுச்சியும் யாகாமியும் அடித்தளத்தைப் பிடித்துக்கொள்வார்கள். இமாய் எவ்வளவு விசித்திரமான ஒலியைக் கொண்டுவந்தாலும், அது இந்த நால்வரின் கை வழியாகவும் சகுராயின் தொண்டை வழியாகவும் வெளியே வரும்போது பக்-டிக்கின் ஒலியாகிவிடும்.

இவர்கள் டோக்கியோக்காரர்கள் அல்லர். குன்மா மாகாணத்தின் ஃபுஜியோகா என்ற சிறு நகரில் குழுவைத் தொடங்கியவர்கள். 1983-இல் ‘ஹினான் கோ-கோ’ என்ற பெயரில் தொடங்கியபோது ‘தி ஸ்டாலின்’ என்ற ஜப்பானிய பங்க் குழுவின் பாடல்களை வாசித்துப் பழகினார்கள். அப்போது பாடகர் வேறொருவர். சகுராய் பின்னால் அமர்ந்து டிரம்ஸ் வாசித்துக்கொண்டிருந்தார். மறு ஆண்டு பெயர் மாறியது. ‘பகுச்சிகு’ என்றால் ஜப்பானிய மொழியில் சரவெடி. அதே ஓசையை ஆங்கில எழுத்துகளில் வேண்டுமென்றே கோணலாக எழுதியதுதான் பக்-டிக். 1985-இல் பழைய பாடகர் விலக, சகுராய் முன்னால் வந்து மைக்கைப் பிடித்தார். காலியான டிரம்ஸ் இருக்கைக்கு ஹிகுச்சியின் அண்ணன் யாகாமி வந்தார். பேஸும் டிரம்ஸும் உடன்பிறந்தவர்கள் கையில் இருப்பது இந்தக் குழுவின் பெரிய பலம். அடுத்த நாற்பது ஆண்டுகளில் மேலே மின்னணு முறையில் ஒலி எழுப்பும் சின்தசைசர்கள் எத்தனை வந்து குவிந்தாலும் அடியில் இந்த இருவரின் தாளம் அசையவில்லை.

1987 ஏப்ரல் 1 அன்று டோக்கியோவின் தோஷிமா பொது மன்றத்தில் அவர்கள் நடத்திய நிகழ்ச்சிக்கு முன்பாக, நகரெங்கும் ‘பக்-டிக் நிகழ்வு’ என்று அச்சிட்ட ஸ்டிக்கர்களை ஒட்டினார்கள். அதே நாளில் சிறு நிறுவனமொன்றின் வழியே முதல் ஆல்பமான ‘ஹர்ரி அப் மோட்’ வெளிவந்தது. அவ்வாண்டு நவம்பரில் விக்டர் என்ற பெரிய இசைத்தட்டு நிறுவனத்தின் வழியே ‘செக்சுவல் எக்ஸ் எக்ஸ் எக்ஸ் எக்ஸ் எக்ஸ்!’ வந்தது. செங்குத்தாகத் தூக்கி நிறுத்திய தலைமுடியும் முகப்பூச்சும்தான் அப்போது எல்லோர் கண்ணிலும் பட்டன. இசை வேகமான எட்டுத் தட்டு தாளம், துள்ளலான மெட்டு, மெலிந்த கிதார் ஒலி என்ற அளவில்தான் இருந்தது. அந்தக் காலத்துப் பாடல்களுக்கு ஒரு இளமைத் துடிப்பு உண்டு, மறுக்கவில்லை. ஆனால் சகுராயின் குரல் இன்னும் முதிரவில்லை, வரிகளிலும் கணிசமான பகுதியை இமாயே எழுதிக்கொண்டிருந்தார். பின்னாளில் இவர்களை நேசிப்பவர்கள் எதற்காக நேசிக்கிறார்களோ அது இந்தப் பதிவுகளில் இன்னும் பிறக்கவில்லை.

1988 அக்டோபரில் வந்த ‘ஜஸ்ட் ஒன் மோர் கிஸ்’ என்ற சிங்கிள் (தனியாக வெளியிடப்படும் பாடல்) இவர்களை நாடறியச் செய்தது. 1989 ஜனவரியில் வெளியான ‘டபூ’ ஆல்பத்தை லண்டனில் பதிவுசெய்தார்கள். இசைத்தட்டு விற்பனையைக் கணக்கிடும் ஓரிக்கான் பட்டியலில் முதலிடம் பெற்ற இவர்களின் முதல் ஆல்பம் அதுவே. அதன் முதல் பாடலான ‘ஐகனோக்ளாசம்’ எனக்கு முக்கியமாகப் படுகிறது. இனிய மெட்டு எதுவும் அதில் இல்லை. ஒரே கிதார் ரிஃப் (குறுகிய இசைத்தொடர்) இயந்திரம் போலத் திரும்பத் திரும்ப வருகிறது. குரல் அதன்மேல் கட்டளை போல விழுகிறது. புகழ் உச்சத்துக்கு ஏறிக்கொண்டிருக்கும் ஒரு குழு, தன்னைக் கொண்டாடும் இளம் ரசிகர்களின் கையில் இப்படியொரு பாடலைத் தொடக்கத்திலேயே வைத்துக் கொடுக்கிறது. எட்டு ஆண்டுகள் கழித்து வரப்போகும் இண்டஸ்ட்ரியல் காலத்தின் விதை இங்கேயே விழுந்துவிட்டது.

அதே 1989 ஏப்ரலில் போதைப்பொருள் வழக்கில் இமாய் கைதானதும் குழு இயக்கத்தை நிறுத்தியது. அவ்வாண்டு டிசம்பர் 29 அன்று டோக்கியோ டோம் அரங்கில் திரும்பி வந்தார்கள். பிற்காலத்தில் பெரும்பாலான ஆண்டுகளில் அதே டிசம்பர் 29-இல் நிப்பான் புடோகான் அரங்கில் இவர்கள் நிகழ்ச்சி நடத்துவது வழக்கமாகிவிட்டது. 1990 தொடக்கத்தில் வந்த ‘அகு நோ ஹனா’ பிரெஞ்சுக் கவிஞர் போதலேரின் கவிதைத் தொகுப்பின் பெயரைத் தாங்கியது. ‘தீமையின் மலர்’ என்று பொருள்படும் அந்தத் தலைப்பே இருளின் பக்கம் இவர்கள் திரும்பிவிட்டதைச் சொல்கிறது. தலைப்புப் பாடல் சிங்கிளாகவும் முதலிடம் பிடித்தது. ஆனால் ஒலிப்பதிவு இன்னும் வறண்டே இருந்தது. இருளைப் பற்றிப் பாடினார்கள். அந்த இருளுக்கான ஒலி இன்னும் அவர்கள் கையில் இல்லை.

அந்த ஒலி கிடைத்தது 1991 பிப்ரவரியில் வந்த ‘குருத்தா தையோ’ ஆல்பத்தில். ‘பித்துப் பிடித்த சூரியன்’ என்று இதைச் சொல்லலாம். பக்-டிக்கின் வரலாற்றில் ஒரே ஒரு திருப்புமுனையைத்தான் குறிப்பிட வேண்டும் என்றால் நான் இதைத்தான் குறிப்பிடுவேன். பலர் 1995-ஐயோ 2005-ஐயோ சொல்வார்கள். அந்த ஆண்டுகளில் வந்தவை மகத்தான ஆல்பங்கள் என்பதில் ஐயமில்லை, ஆனால் அவற்றை எழுதக்கூடிய குழுவாக பக்-டிக் ஆனது 1991-இல்தான்.

இரண்டு காரியங்கள் அப்போது ஒன்றாக நடந்தன. முதலாவது, ஒலிப்பதிவு அறையை இவர்கள் ஓர் இசைக்கருவியாகக் கையாளத் தொடங்கினார்கள். ஒலிப்பதிவுப் பொறியாளர் ஹிருமா ஹிதோஷியுடன் சேர்ந்து கிதாரின்மேல் கிதாராக அடுக்கி, சின்தசைசரின் ஒலியையும் கிதாரின் ஒலியையும் எது எதுவென்று பிரிக்க முடியாதபடி கலந்தார்கள். முதல் பாடல் ‘ஸ்பீடு’ தொடங்கிய சில நொடிகளிலேயே, முந்தைய ஆண்டின் ஆல்பத்துக்கும் இதற்கும் உள்ள தூரம் தெரிந்துவிடும். முன்பு ஐந்து பேர் ஓர் அறையில் நின்று வாசிப்பது கேட்டது. இங்கே அறையின் சுவர்களே ஒலிக்கின்றன. இரண்டாவது, 1990-இல் சகுராயின் தாய் காலமானார். அதன்பின் அவர் எழுதிய வரிகளில் அலங்காரம் குறைந்து, சொந்த வேதனை நேரடியாக வந்து அமர்ந்தது. ஹோஷினோ மெட்டமைத்த ‘ஜூபிடர்’, இமாய் மெட்டமைத்த ‘சகுரா’ ஆகிய இரண்டு பாடல்களிலும் அந்த இழப்பு இருக்கிறது. ‘ஜூபிடர்’ ஒலிக்கிதாரின் மென்மையான மீட்டலோடு தொடங்குகிறது. அதில் சகுராய் குரலை உயர்த்திக் கதறவில்லை. ஒவ்வொரு சொல்லையும் நீட்டி, அது காற்றில் கரையும்வரை காத்திருந்து அடுத்த சொல்லுக்குப் போகிறார். இமாயின் கோணலான மெட்டுகளுக்கு நடுவே ஹோஷினோவின் நேரான, அகன்ற மெட்டு எவ்வளவு பெரிய இடத்தைத் திறந்துவிடுகிறது என்பதும் இந்தப் பாடலில்தான் முதலில் முழுமையாகப் புலப்படுகிறது. நீங்கள் விரும்பிய ‘டிரெஸ்’ஸும் ஹோஷினோவின் மெட்டுதான் என்பதை இங்கே சொல்லிவைக்கிறேன்.

இந்த மாற்றத்தை ஐயத்துக்கிடமின்றிக் காட்டும் சான்று ஒன்றை அவர்களே 1992-இல் வெளியிட்டார்கள். ‘கொரோஷி நோ ஷிராபே’ என்ற அந்த ஆல்பத்தில் தங்கள் பழைய பாடல்களையே மறுபடி வாசித்துப் பதிவுசெய்தார்கள். இது சிறந்த பாடல்களின் தொகுப்பு அல்ல என்று அதன் துணைத்தலைப்பே சொல்கிறது. ‘விக்டிம்ஸ் ஆஃப் லவ்’ பாடலை எடுத்துக்கொள்ளுங்கள். 1988-இன் ‘செவன்த் ஹெவன்’ ஆல்பத்தில் அது அக்காலத்துப் பாடல்களுக்கே உரிய துடிப்போடு இருந்தது. 1992-இன் வடிவத்தில் தாளம் மெதுவாகிவிடுகிறது. பேஸ் தனியாக நடக்கிறது. கிதார் எப்போதாவது தூரத்தில் ஒரு முறை தேம்பிவிட்டு அடங்குகிறது. குரல் காதோரம் வந்து பேசுகிறது. வரி மாறவில்லை, ஆளும் மாறவில்லை, நான்கே ஆண்டுகள்தான் கடந்திருக்கின்றன. இரண்டு வடிவங்களையும் ஒரே அமர்வில் கேட்டுப் பாருங்கள். நான் எத்தனை பத்திகள் எழுதினாலும் அந்தச் சில நிமிடங்கள் சொல்லிக்கொடுப்பதைச் சொல்லிவிட முடியாது.

1993-இன் ‘டார்க்கர் தேன் டார்க்னெஸ்’ கனமும் இரைச்சலும் கூடிய ஆல்பம். அந்த முரட்டுத்தனத்துக்கு நடுவே சின்தசைசர் சுழலும் ‘டிரெஸ்’ தனித்து மின்னுகிறது. 1994-இல் லூனா சீ, சாஃப்ட் பாலே ஆகிய குழுக்களோடு இணைந்து ‘எல்எஸ்பி’ என்ற பயணத்தை நடத்தினார்கள். இசையில் முற்றிலும் வேறுவேறான அந்த மூன்று குழுக்களையும் ரசிகர்கள் ஒரே குடும்பமாகப் பார்த்த காலம் அது. பகட்டான ஒப்பனையும் உடையும் கொண்டு, பிற்காலத்தில் ‘விஷுவல் கே’ என்று அழைக்கப்பட்ட ஜப்பானிய ராக் பரம்பரையின் முன்னோடிகளில் பக்-டிக்கையும் சேர்ப்பது வழக்கம். தோற்றத்தைப் பொறுத்தவரை அது சரி. இசையைப் பொறுத்தவரை அந்தப் பெயருக்குள் இவர்களை அடைப்பது போதாது.

1995 மே மாதம் வந்த ‘சிக்ஸ்/நைன்’ இவர்களின் ஆல்பங்களிலேயே கடினமானது. 16 பாடல்கள், எழுபது நிமிடங்களைத் தாண்டும் நீளம். முதல் உருப்படியான ‘லூப்’பில் சகுராய் பாடவே இல்லை, மிதக்கும் மின்னணு ஒலியின்மேல் மெல்லப் பேசிக்கொண்டு போகிறார். கடைசி உருப்படியும் அதே ‘லூப்’பின் மறுவடிவமாக அமைந்து, ஆல்பத்தைத் தொடங்கிய இடத்திலேயே கொண்டுவந்து விடுகிறது. நடுவே மூச்சுத் திணறவைக்கும் ‘மிஷ்ஷிட்சு’வும், கிதார்கள் அலறும் ‘உதா’வும், உயிரோடிருப்பதன் வியப்பைப் பாடும் ‘கொதோ’வும் இருக்கின்றன. ‘கொதோ’ என்றால் இதயத்துடிப்பு. ‘குருத்தா தையோ’வில் தாயை இழந்தவர், நான்காண்டு கழித்துத் தன் பிறப்பை நினைத்துப் பாடுகிறார் என்றே அதை நான் கேட்கிறேன். இவ்வளவு உள்ளொடுங்கிய ஆல்பம் ஓரிக்கானில் முதலிடம் பிடித்தது என்பது அந்தக் காலத்து ஜப்பானிய ரசிகர்களுக்குப் பெருமை சேர்க்கும் செய்தி.

1996-இன் ‘காஸ்மோஸ்’ அந்த இறுக்கத்திலிருந்து வெளியே வந்து மூச்சுவிடுகிறது. ‘கேண்டி’ போன்ற இனிய மெட்டுகளை இரைச்சல் கிதாரின் மேகத்துக்குள் பொதிந்து வைத்த ஆல்பம் அது. அதன்பிறகு நிறுவனம் மாறியது, 1997 டிசம்பரில் ‘செக்ஸி ஸ்ட்ரீம் லைனர்’ வந்தது. இங்கே இமாய் முழுமூச்சாக இயந்திரங்களின் பக்கம் போய்விட்டார். உடைந்த தாளங்கள், கணினியில் வெட்டி ஒட்டிய ஒலிகள், உலோகத் தன்மை கொண்ட கிதார். ஐவரும் சேர்ந்து வாசிக்கும் குழு என்ற உணர்வு மிகவும் மெலிந்துபோன ஆல்பம் இது என்று குறை சொல்பவர்கள் உண்டு. எனக்கும் அதை முழுதாக மறுக்க இயலவில்லை. ஆனால் இந்தப் பாதையின் எல்லைவரை போய்ப் பார்த்ததால்தான் பின்னாளில் இயந்திரத்தை வேண்டிய அளவுக்கு மட்டும் எடுத்துக்கொள்ளும் பக்குவம் வந்தது. 2001-இல் சகுராயும் இமாயும் இண்டஸ்ட்ரியல் இசைக்காரர்களான ‘பிக்’ குழுவின் ரேமண்ட் வாட்ஸ், ‘கேஎம்எஃப்டிஎம்’ குழுவின் சாஷா கோனியெட்ஸ்கோ ஆகியோருடன் சேர்ந்து ‘ஷ்வைன்’ என்ற தனிக்குழுவாக இயங்கியதும் இந்த ஆர்வத்தின் தொடர்ச்சியே.

2000-இல் வந்த ‘ஒன் லைஃப், ஒன் டெத்’, 2002-இல் வந்த ‘கியோகுதோ ஐ லவ் யூ’, 2003-இல் வந்த ‘மோனலிசா ஓவர்டிரைவ்’ ஆகிய மூன்றும் இயந்திரத்தையும் குழுவையும் மறுபடி சமரசம் செய்துவைக்கும் முயற்சிகள். பின்னிரண்டும் ஒன்றன் தொடர்ச்சியாக மற்றொன்று அமைந்த இரட்டையர். முதலாவது நிதானமாகவும் இரண்டாவது ஆவேசமாகவும் இருப்பதால் ஒரே நாளில் வரிசையாகக் கேட்பது நல்லது. இவற்றைப் பற்றி இதற்குமேல் இங்கே சொல்லத் தேவையில்லை.

2005 ஏப்ரலில் வந்த ‘ஜூசங்காய் வா கெக்கோ’ வேறு தரத்தில் நிற்கிறது. ‘பதின்மூன்றாம் மாடியில் நிலவொளி’ என்ற அந்த ஆல்பம் தொடக்கம் முதல் இறுதிவரை ஒரே கோதிக் நாடகம். கோமாளி ஒருவன் மேடைக்கு வருவதோடு திறக்கிறது. இடையிடையே சிறு இசைத்துண்டுகள் திரைமாற்றம் போல வந்துபோகின்றன. சர்க்கஸ் கூடாரமும் காட்டேரியும் கெட்ட கனவும் பாத்திரங்களாகின்றன. இருள் என்பது இவர்களுக்குப் புதிதல்ல. 1991-இல் அதைத் தங்கள் சொந்தத் துயரமாக அணிந்திருந்தார்கள். 2005-இல் அதை வேடமாக எடுத்துக் கட்டிக்கொண்டு நடிக்கிறார்கள். நடுத்தர வயதை எட்டிய சகுராயின் குரல் அதற்குள் ஆழ்ந்த, தடித்த ஒலியாகப் பழுத்துவிட்டிருந்தது. ‘ரொமான்ஸ்’ பாடலில் அவர் கீழ்ச்சுரத்தில் தொடங்கும் விதத்தைக் கேளுங்கள்; அந்த முதிர்ந்த குரல் இல்லாவிட்டால் இந்த நாடகம் வெறும் பகட்டாகவே போயிருக்கும். ‘முமா’ என்ற பாடல் மேடையில் இன்னும் பெரிதாகும். யாகாமியின் படைமுரசு போன்ற அடி அரங்கையே நிரப்பிவிடும்.

இவ்வளவு கனத்த அலங்காரத்துக்குப் பிறகு வந்தது 2007-இன் ‘தென்ஷி நோ ரிவால்வர்’. அதில் அலங்காரத்தையெல்லாம் கழற்றிவிட்டு, இரண்டு கிதார், ஒரு பேஸ், ஒரு டிரம்ஸ் என்று நேரடியான ராக் வாசித்தார்கள். இந்த ஊசலாட்டம் எனக்கு மிகவும் பிடித்தது. ஓர் ஆல்பத்தில் ஒலியை அளவுக்கு மீறி அடுக்கினால் அடுத்ததில் வெறுங்கையோடு வருவார்கள். உள்ளே ஒடுங்கினால் அடுத்ததில் வெளியே வருவார்கள். முந்தைய ஆல்பத்தை மறுத்துத்தான் அடுத்த ஆல்பம் பிறக்கிறது. 2009-இன் ‘மெமென்டோ மோரி’ அந்த நேரடித்தன்மையைத் தொடர்ந்தது. 2010-இன் ‘ரேஸில் டேஸில்’ நடன இசையை உள்ளே அழைத்துவந்தது. நீங்கள் கேட்ட ‘குச்சிசுகே’ அதில்தான் இருக்கிறது. ‘முத்தம்’ என்ற பொருள்கொண்ட அந்தப் பாடலில் இரத்தக்காட்டேரிக் கதைக்கேற்ற கோதிக் குரலும் ஆடவைக்கும் தாளமும் ஒன்றாக இருப்பதைக் கவனித்திருப்பீர்கள். 2005-இன் நாடகமும் 2007-இன் எளிமையும் கலந்து விளைந்த பயன் அது.

2011-இல் ‘லிங்குவா சவுண்டா’ என்ற சொந்த இசை வெளியீட்டு லேபிளைத் தொடங்கினார்கள். 2012-இல் ‘யுமே மிரு உச்சூ’வும், 2014-இல் தாதாயிசம், சர்ரியலிசம் என்ற கலை இயக்கங்களைக் கருப்பொருளாகக் கொண்ட ‘அருய் வா அனார்க்கி’யும் அதன் வழியே வெளிவந்தன. இங்கே இமாயின் கருவிகளைப் பற்றி ஒரு வார்த்தை. கிதார் கலைஞர் என்று சொன்னாலும், வேகமான விரல் வித்தையைக் காட்டும் தனி வாசிப்பில் அவருக்கு ஒருபோதும் நாட்டமில்லை. நத்தை ஓடு போலச் சுருண்ட வடிவில் ‘மாய்மாய்’ என்ற கிதாரை வைத்திருக்கிறார். மேடையில் தெர்மின் கருவியின் அருகே நின்று, அதைத் தொடாமலேயே காற்றில் கையை அசைத்து ஓலம் எழுப்புகிறார். கிதார் அவருக்கு இன்னொரு சின்தசைசர். பக்கத்தில் ஹோஷினோ அசையாமல் நின்று ஒலிக்கிதாரையோ தாளக்கிதாரையோ நிதானமாக வாசித்துக்கொண்டிருப்பார். ஒருவர் பாட்டின் வரம்பைக் கலைத்துக்கொண்டே இருக்க, மற்றவர் வரம்பைப் போட்டுக்கொண்டே இருப்பார்.

2016-இல் மறுபடி விக்டர் நிறுவனத்துக்குத் திரும்பி ‘ஆட்டம் மிராய்ஹா நம்பர் 9’ ஆல்பத்தை வெளியிட்டார்கள். ஐம்பது வயதைத் தொட்ட ஐவரின் ஆல்பம் அது என்று யாரும் நம்பமாட்டார்கள். 2018 மார்ச்சில் வந்த ‘நம்பர் 0’ அதைவிடவும் ஒருபடி மேல். 1997-இல் முழுமையாகக் கைகூடாத கனவு இதில்தான் நிறைவேறியது என்பேன். மின்னணு ஒலிகள் மழைபோலக் கொட்டினாலும் யாகாமி, ஹிகுச்சி இருவரின் தாளம் அவற்றுக்கு அடியில் தெளிவாகத் தெரிகிறது. ‘கெர்னிக்கா நோ யோரு’ என்ற பாடல் குண்டுவீச்சுக்கு உள்ளான அந்த ஸ்பானிய ஊரின் பெயரை ஏந்தி, போரை ஒரு குழந்தையின் இரவாகச் சுருக்கிக் காட்டுகிறது. அங்கே சகுராய் பாடகர் என்பதைவிடக் கதைசொல்லியாகவே நிற்கிறார். 2020-இல் ‘அப்ரகடப்ரா’வும், 2023 ஏப்ரலில் 23-ஆவது ஆல்பமான ‘இசோரா’வும் வந்தன. ‘இசோரா’வில் வெளிச்சம் அதிகம், அதுவரை வந்த எல்லாக் காலங்களின் சாயலும் அதில் சண்டையின்றி உட்கார்ந்திருக்கிறது.

2023 அக்டோபர் 19 அன்று யோகோஹாமாவின் ஜெப் அரங்கில் ரசிகர் மன்ற உறுப்பினர்களுக்கான நிகழ்ச்சியின் நடுவே சகுராய்க்கு உடல்நிலை மோசமானது. மருத்துவமனைக்குக் கொண்டு செல்லப்பட்ட அவர், மூளைத்தண்டில் ஏற்பட்ட இரத்தக்கசிவால் அன்றிரவே காலமானார். அவருக்கு வயது 57. அந்தச் செய்தி அக்டோபர் 24 அன்று வெளியானபோது, நேரில் ஒருமுறைகூடப் பார்த்திராத ஒருவருக்காக நான் அவ்வளவு நேரம் பேச்சற்று உட்கார்ந்திருந்தது அதுவே முதல்முறை. டிசம்பர் 29 அன்று, வழக்கமான அந்த நாளில், வழக்கமான புடோகான் அரங்கில், நால்வரும் மேடையேறி, பதிவில் இருந்த அவருடைய குரலோடு சேர்ந்து வாசித்தார்கள். குழு தொடரும் என்றும் அன்றே அறிவித்தார்கள்.

புதிய பாடகரை அவர்கள் தேடவில்லை. 2024 டிசம்பர் 4 அன்று வெளிவந்த ‘சப்ரோசா’வில் இமாயும் ஹோஷினோவும் பாடுகிறார்கள். சில உருப்படிகளில் குரலே கிடையாது, கருவிகள் மட்டும்தான். சகுராயின் குரலுக்கு ஈடு செய்யும் முயற்சி எதுவும் இந்த ஆல்பத்தில் இல்லை என்பதே என்னைத் தொட்டது. இமாயின் குரல் மெலிந்தது, சற்றே இயந்திரத்தன்மை கொண்டது. இதுவரை அவர் பாடிய துணைக்குரல்களிலும் சில தனிப்பாடல்களிலும் கேட்டுப் பழகியதுதான். ஹோஷினோ மென்மையாக, தயக்கத்தோடு பாடுகிறார். இந்த இரு குரல்களுக்கு ஏற்றபடி மெட்டுகள் அமைந்திருக்கின்றன. மின்னணு ஒலி இன்னும் கூடியிருக்கிறது, தாளங்கள் இன்னும் துணிச்சலாக இருக்கின்றன. அவர்களின் வழக்கப்படி இந்த ஆல்பமும் முந்தையதை மறுத்துத்தான் பிறந்திருக்கிறது. இம்முறை அந்த மறுப்பு அவர்கள் விரும்பித் தேர்ந்தெடுத்ததல்ல.

எங்கே தொடங்குவது என்ற உங்கள் கேள்விக்கு வருகிறேன். 1987-இலிருந்து வரிசையாகக் கேட்க வேண்டாம். முதல் மூன்று ஆல்பங்களோடு ஆர்வம் குன்றிவிடக்கூடும். ‘டிரெஸ்’ உங்களைக் கவர்ந்திருப்பதால் ‘குருத்தா தையோ’வை முதலில் எடுங்கள். அது பிடித்தால் ‘கொரோஷி நோ ஷிராபே’ வழியாகப் பின்னோக்கிப் போகலாம். ‘குச்சிசுகே’தான் அதிகம் பிடித்தது என்றால் ‘ஜூசங்காய் வா கெக்கோ’வைக் கேட்டுவிட்டு ‘நம்பர் 0’வுக்கு வாருங்கள். ‘சிக்ஸ்/நைன்’ ஆல்பத்தை, இவர்களோடு ஓரளவு பழகிய பிறகு, வேறு வேலை எதுவும் இல்லாத ஓர் இரவில், ஹெட்ஃபோனோடு முதலிலிருந்து கடைசிவரை இடைவிடாமல் கேளுங்கள். ‘சப்ரோசா’வைக் கடைசியாக வையுங்கள். சகுராயின் குரல் உங்கள் காதில் நன்றாகப் படிந்த பின்பு கேட்டால்தான் அந்த நால்வரும் எதைச் சுமந்துகொண்டு வாசிக்கிறார்கள் என்பது கேட்கும்.